எங்கள் எண்ணிக்கை ஏன் குறைகிறது? நாடுகளின் பிறப்பு இறப்புக் கணக்கை எப்படி ஒப்பிடுவது?

லயத்துப்பிள்ளை எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். இலங்கையின் மலையகத்தில், பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டம்தான் எங்கள் ஊர். அம்மா இன்றும் கொழுந்தெடுக்கப் போகிறார். நான் பல்கலைக்கழகத்தில் புவியியல் மூன்றாம் வருடம். இலங்கையின் ஐம்பது வருடக் குடித்தொகைப் போக்கை வேறு மூன்று நாடுகளோடு ஒப்பிட்டுக் கட்டுரை எழுத வேண்டும். ஜப்பான், இந்தியா, நைஜீரியா மூன்றையும் எடுத்திருக்கிறேன்.

இரண்டு இடத்தில் சிக்கி நிற்கிறேன். ஒன்று இறப்பு வீதம். ஜப்பானில் வருடத்துக்கு ஆயிரம் பேருக்குச் சுமார் 13 பேர் இறக்கிறார்கள். இலங்கையில் சுமார் 8 பேர்தான். ஆனால் ஜப்பானில் ஆயுள் எதிர்பார்க்கை 84 வயது, நமக்கு 77 அளவில். அதிக நாள் வாழ்கிற நாட்டில் எப்படி அதிகம் பேர் சாவார்கள்? அட்டவணையை மாற்றி எடுத்துவிட்டேனோ என்று மூன்று முறை சரிபார்த்துவிட்டேன்.

மற்றது கட்டுரையில் வராது, ஆனால் அதுதான் தூக்கத்தைக் கெடுக்கிறது. குடிசன மதிப்பீடுகளில், அதாவது மக்கள்தொகைக் கணக்கெடுப்புகளில், தோட்ட வேலைக்கு இந்தியாவில் இருந்து வந்தவர்களின் வழிவந்த எங்களைக் குறிக்கிற "இந்தியத் தமிழர்" என்ற வரியை மட்டும் எடுத்து எழுதிப் பார்த்தேன். 1971இல் 11 லட்சத்து 74 ஆயிரம். 1981இல் 8 லட்சத்து 18 ஆயிரம். 2012இல் 8 லட்சத்து 39 ஆயிரம். 2024இல் சுமார் 6 லட்சம், அதாவது நாட்டில் 2.8 சதவீதம். 1931இல் நாங்கள் 15 சதவீதம் இருந்தோமாம்.

இதை வீட்டில் சொன்னேன். சோறு வடித்துக்கொண்டிருந்த அம்மா அப்படியே நின்று, "அப்படின்னா நாம அத்துப்போறோமா?" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. எங்கள் லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீட்டில், பன்னிரண்டு காம்பரா, ஒன்றுகூடக் காலியாக இல்லை. கண்ணால் பார்ப்பது ஒன்று, தாளில் இருப்பது வேறாக இருக்கிறது. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.


பழைய வாத்தியார், தலவாக்கலை:

மகள், முதலில் அம்மாவுக்குப் போன் போட்டு, அத்துப்போகவில்லை என்று சொல்லுங்கள். மற்றதைப் பிறகு பேசலாம்.

நான் ஓய்வுபெற்ற ஆசிரியன். 1981, 2001, 2012 மூன்று குடிசன மதிப்பீட்டிலும் வீடு வீடாகப் போய்ப் படிவம் நிரப்பியவன். நீங்கள் பார்க்கிற அந்த எண்களில் சில என் கையெழுத்தில் இருந்து போனவை. அதனால் இதைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்வேன்.

ஒரு நாட்டின் தொகை கூடுவதும் குறைவதும் நான்கு வழியில்தான்: பிறப்பு, இறப்பு, உள்ளே வருவது, வெளியே போவது. ஆனால் ஒரு இனத்தின் தொகைக்கு ஐந்தாவது வழி ஒன்று உண்டு. அதே ஆள், அதே லயம், அதே காம்பரா, ஆனால் படிவத்தில் வேறு பெயர். மலையகத்தின் கணக்கை இந்த ஐந்தாவது வழி தெரியாமல் வாசிக்கவே முடியாது.

1971க்கும் 1981க்கும் இடையில் மூன்றரை லட்சம் குறைகிறது, இல்லையா? அதில் பெரும் பங்கு போனவர்கள். 1964 ஒக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டபோது, எந்த நாட்டுக் குடியுரிமையும் இல்லாத நம் ஆட்கள் 9 லட்சத்து 75 ஆயிரம் பேர் என்று கணக்கு வைத்தார்கள். 5 லட்சத்து 25 ஆயிரம் பேரை இந்தியா எடுப்பது, 3 லட்சம் பேரை இலங்கை எடுப்பது, மீதி ஒன்றரை லட்சத்தைப் பிறகு பார்ப்பது என்று முடிவானது. 1974இல் அந்த ஒன்றரை லட்சத்தையும் பாதி பாதியாகப் பிரித்தார்கள். எங்கள் தோட்டத்தில் இருந்து ஒரே வாரத்தில் நான்கு குடும்பம் புறப்பட்டுப் போனதைப் பார்த்தேன். தகரப்பெட்டி, அம்மிக்கல், மடித்த பாய். தலைமன்னாரில் கப்பல் ஏறினார்கள். 1984இல் அந்தக் கப்பல் நின்றது.

இனி ஐந்தாவது வழிக்கு வருகிறேன். 1981இல் ஒரு வீட்டில் "இனம்?" என்று கேட்டேன். அந்த ஐயா உள்ளே போய்ப் பிரஜாவுரிமைப் பத்திரத்தை எடுத்து வந்து காட்டி, "எனக்குத்தான் இலங்கைப் பிரஜை என்று குடுத்துட்டாங்களே, பிறகு எதுக்கு இந்தியத் தமிழன்னு எழுதுறீங்க? இலங்கைத் தமிழன்னு போடுங்க" என்றார். போட்டேன். சொன்னதை எழுதுவதுதான் எங்கள் வேலை. வேறு வீடுகளில் பயம் இருந்தது. 1977 கலவரத்துக்குப் பிறகு வவுனியா, கிளிநொச்சி என்று வடக்கே குடிபெயர்ந்த நம் ஆட்களில் பலரும் அங்கே இலங்கைத் தமிழர் என்றே பதிந்தார்கள். 2012இல் போனபோது படித்த பிள்ளைகள், "சேர், எங்க தாத்தாவே இங்கதான் பிறந்தார், நாங்க எப்படி இந்தியத் தமிழர்?" என்று கேட்டார்கள். நியாயமான கேள்விதான். 2024இல் அந்தப் பெயரோடு மலையகத் தமிழர் என்றும் சேர்த்தார்கள். என்றாலும் வீட்டுக்கு வீடு என்ன சொல்லியிருப்பார்கள் என்பதை நான் கேட்ட குரல்களில் இருந்து ஊகிக்க முடிகிறது.

ஆகவே நீங்கள் செய்ய வேண்டியது, நுவரெலியா, பதுளை, கண்டி மாவட்டங்களில் "இலங்கைத் தமிழர்", "இந்தியத் தமிழர்" இரண்டு வரியையும் கூட்டி ஒவ்வொரு மதிப்பீட்டுக்கும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது. ஒன்று விழும்போது மற்றது எழுகிறதா என்று பாருங்கள். பிறப்பும் இறப்பும் ஒரு வரியை மட்டும் அப்படித் தூக்கிப் பக்கத்து வரியில் போடாது. இன்னொன்று, "தோட்டத் துறை" என்ற வரியையும் நம் இனத்தையும் ஒன்றாக எடுக்காதீர்கள். 20 ஏக்கராவது இருக்கிற, 10 தொழிலாளராவது குடியிருக்கிற நிலம்தான் அந்தக் கணக்கில் தோட்டம். அட்டன் டவுனில் கடை வைத்திருப்பவரும் கொழும்பில் வேலை செய்கிற பிள்ளையும் அதற்குள் வரமாட்டார்கள்.

இப்போது ஜப்பான். உங்கள் அட்டவணையில் பிழை இல்லை. ஒரு தோட்டத்தில் மேற்கணக்கு, கீழ்க்கணக்கு என்று இரண்டு டிவிஷன், இரண்டிலும் ஆயிரம் ஆயிரம் பேர் என்று வைத்துக்கொள்வோம். மேற்கணக்கில் 900 பேர் இளையவர்கள், 100 பேர் வயதானவர்கள். பத்து வருடத்தில் இளையவர்களில் நூற்றுக்கு 2 பேர், அதாவது 18 பேர் இறக்கிறார்கள். வயதானவர்களில் பாதி, 50 பேர். மொத்தம் 68. கீழ்க்கணக்கில் இளையவர் 600, வயதானவர் 400. அங்கே சுகாதாரம் நல்லது. இளையவர்களில் நூற்றுக்கு ஒருவர், ஆக 6 பேர். வயதானவர்களில் நூற்றுக்கு 40, ஆக 160 பேர். மொத்தம் 166. எந்த வயதில் பார்த்தாலும் கீழ்க்கணக்கில்தான் சாவு குறைவு. ஆனால் பாடை அதிகம் கிளம்புவதும் அங்கேதான், வயதானவர்கள் அங்கே நிறைய இருப்பதால். கீழ்க்கணக்கின் வீதத்தை மேற்கணக்கின் வயதுப் பங்கில் போட்டுப் பாருங்கள்: 9 பேரும் 40 பேரும், ஆக 49. மேற்கணக்கின் 68ஐ விடக் குறைவு. வயதுவாரியாகச் சீராக்குதல் என்று உங்கள் விரிவுரையாளர் சொல்வது இதைத்தான்.

ஜப்பானில் பத்துப் பேரில் கிட்டத்தட்ட மூன்று பேர் 65ஐத் தாண்டியவர்கள். நம் நாட்டில் 2012இல் 65ஐத் தாண்டியவர் நூற்றுக்கு 8 பேர்தான். வயதைப் பார்க்காமல் மொத்தமாக எடுக்கிற பருமட்டான வீதத்தை வைத்து நாடுகளை வரிசைப்படுத்துவது கீழ்க்கணக்கை நோய்பிடித்த டிவிஷன் என்று சொல்வது போல. ஆயுள் எதிர்பார்க்கையையும் சிசு மரண வீதத்தையும் எடுங்கள். பிறப்புக்கு மொத்தக் கருவள வீதத்தை, அதாவது ஒரு பெண் வாழ்நாளில் சராசரியாக எத்தனை பிள்ளை பெறுவார் என்ற கணக்கை எடுங்கள்.

கருவள வீதத்திலும் ஒரு வருடத்தை மட்டும் பிடித்துக்கொண்டு பேசாதீர்கள். ஜப்பானில் 1965இல் ஒரு பெண்ணுக்கு 2.14 பிள்ளை. 1966இல் 1.58. 1967இல் 2.23. போரில்லை, பஞ்சமில்லை. அறுபது ஆண்டுக்கு ஒருமுறை வருகிற நெருப்புக் குதிரை ஆண்டு அது, அதில் பிறக்கிற பெண்ணால் புருஷனுக்கு ஆகாது என்ற நம்பிக்கை. நம்மில் சித்திரைப் பிள்ளை ஆகாது என்று ஆடியில் புதுப்பெண்ணைத் தாய்வீட்டுக்கு அழைக்கிறோமே, அதேதான், ஒரு நாடு முழுவதும்.

முக்கியமானதைக் கடைசிக்கு வைத்தேன். உங்கள் நான்கு நாடும் ஒரே விதமாக எண்ணப்பட்டவை அல்ல. ஜப்பானில் பிள்ளை பிறந்தால் 14 நாளுக்குள் பதிய வேண்டும், ஐந்து வருடத்துக்கு ஒருமுறை கணக்கெடுப்பு. இலங்கையில் 1867இல் இருந்து பிறப்பு இறப்புப் பதிவு கட்டாயம், 1871இல் முதல் குடிசன மதிப்பீடு. இந்தியாவின் பிறப்பு இறப்பு வீதங்கள் பெரும்பாலும் மாதிரிப் பதிவுத் திட்டத்தில் இருந்து வருபவை. தேர்ந்தெடுத்த கிராமங்களையும் நகரப் பகுதிகளையும் தொடர்ந்து கவனித்து நாட்டுக்கே கணிப்பார்கள். 2021இல் நடக்க வேண்டிய கணக்கெடுப்பு தள்ளிப்போனதால், 2011க்குப் பிறகு நீங்கள் எடுத்த இந்தியத் தொகை எல்லாம் எண்ணாமல் கணித்தவைதான். நைஜீரியாவில் கடைசிக் கணக்கெடுப்பு 2006. அங்கே எந்த மாநிலத்தில் எத்தனை பேர் என்பதை வைத்துத்தான் பணமும் ஆசனமும் பிரிகிறது, அதனால் ஒவ்வொரு கணக்கெடுப்பும் சண்டை. லெபனானில் 1932க்குப் பிறகு மக்களை எண்ணவே இல்லை.

இது தூரத்துக் கதை அல்ல, மகள். 1947 தேர்தலில் நம் ஆட்கள் ஏழு பேர் நாடாளுமன்றம் போனார்கள். 1948இல் குடியுரிமை போனது, 1949இல் வாக்கும் போனது. ஆனால் தொகுதிகளைப் பிரிக்கும்போது நம் தலைகளையும் சேர்த்து எண்ணித்தான் மலைநாட்டுக்கு ஆசனம் கொடுத்தார்கள். எண்ணிக்கையில் இருந்தோம், வாக்குப்பெட்டி அருகில் நிற்க முடியவில்லை. அதனால்தான் எந்த நாட்டின் அட்டவணையைத் திறந்தாலும் நான் முதலில் தேடுவது, யாரை எண்ணினார்கள், யார் எண்ணினார்கள், எதற்காக எண்ணினார்கள் என்பதை. உங்கள் கட்டுரையில் இதற்கு ஒரு பக்கம் ஒதுக்குங்கள். ஒதுக்காவிட்டால் மீதிப் பக்கங்களுக்குக் காலில்லை.


குடும்பநல அக்கா:

சேர் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். நான் மஸ்கெலியாப் பக்கம் குடும்பநல உத்தியோகத்தராக இருக்கிறேன், தோட்டத்தில் மிட்வைப் அம்மா என்பார்கள்.

தங்கச்சி, பிறப்புகளை மாவட்டவாரியாக எடுத்தால் கவனமாக இருங்கள். பிள்ளை எங்கே பிறந்ததோ அங்கேதான் பதிவு. என் பிரிவில் கர்ப்பவதி ஒருவருக்குப் பிரஷர் ஏறினால் கண்டிக்கு அனுப்புவோம். பிள்ளை பிறப்பது கண்டியில், பதிவதும் கண்டியில், வளர்வது மஸ்கெலியாவில். பெரிய ஆஸ்பத்திரி உள்ள ஊர்களில் எல்லாம் பிறப்பு கொட்டுவது போலத் தெரியும். தாய் வசிக்கிற இடம் எது என்று தனியாகப் பிரித்த அட்டவணை இருந்தால் அதையே எடுங்கள்.

இன்னொன்று, நம் நாட்டில் பிறப்பு உண்மையிலேயே குறைகிறது. 2019இல் 3 லட்சத்துக்கு மேல் இருந்த பதிவு 2023இல் இரண்டரை லட்சத்துக்கும் கீழே போய்விட்டது. என் கிளினிக்கிலேயே தெரிகிறது. முன்பு உட்கார்கிற வாங்கு நிறைந்து வெளியே மழையில் நிற்பார்கள், இப்போது இடம் இருக்கிறது. பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு, "ஒன்னு போதும்மா, பால்மா விலைய பாருங்க" என்று எத்தனை பேர் சொல்லிவிட்டார்கள். இளம் ஆட்கள் கொழும்புக்கும் வெளிநாட்டுக்கும் போய்விட்டார்கள், கல்யாணமும் தள்ளிப்போகிறது.

நாட்டுச் சராசரியை மட்டும் எழுதி முடித்துவிடாதீர்கள் என்பது என் வேண்டுகோள். 2016ஆம் ஆண்டு ஆய்வில், ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் வயதுக்கேற்ற உயரம் இல்லாதவர்கள் நாடு முழுவதும் நூற்றுக்கு 17. தோட்டத்தில் 32. இலங்கை என்ற ஒரே கோட்டை ஜப்பானுக்குப் பக்கத்தில் வரைந்தால் அந்த 32 மறைந்துபோகும். நான் மாதா மாதம் நிறுக்கிற பிள்ளைகள் அவர்கள். அவர்களுக்கும் உங்கள் வரைபடத்தில் ஒரு கோடு வேண்டும்.


கோத்தகிரிக்காரன்:

நான் எழுதுவது நீலகிரியில் இருந்து. எங்கள் அப்பா 1972இல் டிக்கோயாப் பக்கம் ஒரு தோட்டத்தில் இருந்து இங்கே வந்தார். திரும்பி வந்தவர்களுக்கு வேலை கொடுக்கத் தமிழ்நாடு அரசு நடத்துகிற தேயிலைத் தோட்டத்தில்தான் வேலை செய்தார். நான் இங்கேதான் பிறந்தேன், இருந்தும் ஊரில் எங்கள் தெரு சிலோன்காரங்க தெரு.

தங்கையின் அட்டவணையில் 1971க்குப் பிறகு காணாமல் போன எண்ணில் என் அப்பாவும் ஒருவர், அம்மாவும் இரண்டு அக்காக்களும் சேர்த்தால் நான்கு பேர். அங்கே அவர்கள் இந்தியத் தமிழர். இங்கே வந்தபிறகு இந்தியக் கணக்கெடுப்பில் தாய்மொழி தமிழ் என்று எழுதிக்கொண்டார்கள், அதோடு சரி. இலங்கையில் இருந்து வந்தவர்களின் பிள்ளைகள் எத்தனை பேர், என்ன படித்தார்கள், எத்தனை வயது வரை இருந்தார்கள் என்று கேட்டால் கணக்கெடுப்பில் எங்களுக்கென்று ஒரு வரி கிடையாது. பெற்றோர் எங்கே பிறந்தார்கள் என்று அதில் கேட்பதில்லையே.

அப்பா சாகிற வரை தன் பிறந்த ஊர் டிக்கோயா என்றுதான் சொன்னார். இலங்கைக் கணக்கில் அவர் வெளியேறியவர். கட்டுரையில் இடம் இருந்தால் இந்தப் பக்கத்தில் ஆட்கள் இருக்கிறார்கள் என்று ஒரு வரி எழுதுங்கள்.


பழைய வாத்தியார், தலவாக்கலை:

கோத்தகிரித் தம்பி, நீங்கள் எழுதியதை இரண்டு முறை வாசித்தேன். நான் சொன்ன அந்த நான்கு குடும்பத்தில் ஒன்று கூடலூருக்குத்தான் போனது. கடிதம் இரண்டு வருடம் வந்தது, பிறகு நின்றுவிட்டது.

மகள், இன்னொரு யோசனை. பதிவேடு சரியில்லாத நாடுகளில் குழந்தை இறப்பை எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள் தெரியுமா? வில்லியம் பிராஸ் என்ற குடித்தொகை அறிஞர் ஆப்பிரிக்க நாடுகளின் தரவுகளுக்காக ஒரு வழி செய்தார். தாய்மாரிடம் எத்தனை பெற்றீர்கள், எத்தனை உயிரோடு என்று கேட்டு, அதைத் தாயின் வயதோடு சேர்த்துக் கணக்குப் போட்டு, பிறந்த பிள்ளைகளில் எத்தனை பங்கு எந்த வயதுக்குள் இறக்கிறது என்று மதிப்பிடுவது. நைஜீரியா பற்றி நீங்கள் எடுத்த எண்களுக்குப் பின்னாலும் இப்படி வீட்டு வாசலில் கேட்ட கேள்விகள்தான் இருக்கின்றன.

கேட்கிற விதம் முக்கியம். "எத்தனை பிள்ளை?" என்று ஒரே கேள்வியாகக் கேட்டால் உயிரோடு இருப்பவர்களைத்தான் சொல்வார்கள். வீட்டில் இருப்பவர் எத்தனை, வெளியே இருப்பவர் எத்தனை, பிறந்து இறந்தது எத்தனை, ஒரு நாள் மட்டும் இருந்த பிள்ளை உண்டா என்று பிரித்துப் பிரித்துக் கேட்க வேண்டும். வயதையும் அப்படித்தான். எங்கள் காலத்தில் கேட்டால் எல்லோரும் நாற்பது, ஐம்பது, அறுபது என்பார்கள். தோட்டம் அரசுடைமை ஆனபோது நீங்கள் வேலைக்குப் பேர் கொடுக்கப் பெரட்டுக்குப் போனீர்களா, சின்னப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிற பிள்ளைக் காம்பராவில் இருந்தீர்களா என்று கேட்டுத்தான் வயதைப் பிடிப்பேன். ஊருக்குப் போகும்போது உங்கள் பாட்டியிடம் கேட்டுப் பாருங்கள். கட்டுரைக்காக இல்லை, அந்த எண்கள் எப்படிப் பிறக்கின்றன என்று உங்களுக்குத் தெரிவதற்காக.


லயத்துப்பிள்ளை:

எல்லோருக்கும் நன்றி. தாமதத்துக்கு மன்னிக்கவும், போயா என்கிற பௌர்ணமி விடுமுறைக்கு வீட்டுக்குப் போயிருந்தேன்.

சேர் சொன்னபடி இரண்டு வரிகளையும் கூட்டி எழுதத் தொடங்கியிருக்கிறேன். கோத்தகிரி அண்ணா, உங்களுக்கு ஒரு வரி இல்லை, ஒரு பந்தியே எழுதிவிட்டேன். அக்கா, தோட்டத்துப் பிள்ளைகளுக்கு வரைபடத்தில் தனிக் கோடு போட்டிருக்கிறேன், சிவப்பில்.

அம்மாவிடம் சொன்னேன். "அப்ப நாம பேர மாத்திக்கிட்டோம், அவ்வளவுதானே" என்று கேட்டுவிட்டு, கூடையைத் தூக்கிக்கொண்டு மலைக்குப் போய்விட்டார்.

அம்மாயிக்கு எழுபத்தைந்து வயது இருக்கும். சின்ன வயதில் இருந்து அவர் ஏழு பெற்றவர், நான்கு தங்கியது என்றுதான் கேட்டு வளர்ந்தேன். அடுப்படியில் உட்கார்ந்து சேர் எழுதியதைப் போலவே ஒவ்வொன்றாகக் கேட்டேன். வீட்டில் ஒருவர், வெளியே மூன்று பேர். இறந்தது மூன்று. சரி, ஏழு. அப்புறம் கடைசிக் கேள்வியைக் கேட்டேன், ஒரு நாள் மட்டும் இருந்த பிள்ளை உண்டா என்று.

அம்மாயி கொஞ்ச நேரம் பேசவில்லை. விறகைத் தள்ளிவிட்டார். பிறகு, பஞ்ச வருஷம், மரவள்ளிக்கிழங்கும் கிடைக்காத நேரம், ஒரு பொம்பளைப் பிள்ளை பொழுது விடியப் பிறந்து விளக்கு வைக்கும் முன் போய்விட்டது என்றார். தோட்டத்தில் யாரும் எழுதவில்லை. பெயர் வைக்கவில்லை. வாழைமரத்துப் பக்கம் புதைத்தார்களாம், அந்த இடத்தில் இப்போது ரோட்டு.

"இத்தனை வருஷத்துல யாரும் இப்படிக் கேக்கல" என்றார். பிறகு என் கொப்பியை எட்டிப் பார்த்து, "எட்டுன்னு எழுதிட்டியா?" என்று கேட்டார்.

எழுதிவிட்டேன்.